ஆணுறையும் கையுறையும்

(திருப்பூரில் நடந்த வாசகர் கூட்டமொன்றில் ஆற்றிய உரை. பேச்சு நடை முடிந்தவரை அப்படியே விடப்பட்டிருக்கிறது.)



நான் பேச எடுத்துக்கொண்டிருப்பது ஒரு தொழிலைப் பற்றி. ஆணும் ஆணும் கூடுவதைப் படமாக எடுத்து விற்கிற தொழில். அமெரிக்காவில் அதற்கு ஐம்பது வருடத்துக்கு மேல் வயசாகிறது. 1971இல் ‘பாய்ஸ் இன் தி சேண்ட்’ என்கிற படம் நியூயார்க்கில் வெளிப்படையாகத் தியேட்டரில் ஓடியது, பெரிய பத்திரிகையில் விளம்பரமும் வந்தது. நம்மூரில் அது தொழிலாக இல்லை, குற்றமாக இருக்கிறது. அழைப்பைப் பார்த்துவிட்டு ஒரு தோழர் போனில் கேட்டார்: ‘ஏனுங்க, பஞ்சமி நெலம் கெடக்குது, ரெட்டை டம்ளர் கெடக்குது, இது எதுக்குங்க நமக்கு?’ நியாயமான கேள்விதான். பதில் இந்தப் பேச்சுக்குள்ளேயே வந்துவிடும் என்று நினைக்கிறேன். வராவிட்டால் கேள்வி நேரத்தில் பிடித்துக்கொள்ளுங்கள்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். படம் பார்க்கிறவனுடைய ஒழுக்கம் இங்கே எனக்கு விஷயமில்லை. ஆபாசம் பற்றிய நம்மூர் விவாதம் எல்லாமே பார்க்கிறவன் கண்ணிலிருந்துதான் தொடங்கும். பண்பாடு கெட்டது, இளைஞர் கெட்டார், தமிழன் கெட்டான். நடிக்கிறவன் யார், அவனுக்கு என்ன கூலி, அவன் உடம்புக்கு என்ன ஆனது என்று ஒருத்தரும் கேட்பதில்லை. பனியன் கம்பெனி ஊரில் உட்கார்ந்துகொண்டு, பனியனைப் போடுகிறவனைப் பற்றி மட்டும் பேசி, தைக்கிறவனை விட்டுவிடுகிற மாதிரி இது. நான் தைக்கிறவன் பக்கத்திலிருந்து பேசுகிறேன்.

எண்பதுகளில் அமெரிக்காவில் எய்ட்ஸ் வந்தபோது முதலில் விழுந்தவர்களில் இந்தத் தொழிலின் ஆட்கள் ஏராளம். சொன்னேனே, 1971 படம், அதில் நடித்த கேசி டோனவன் 1987இல் எய்ட்ஸால் இறந்தார். நடிகராக இருந்து தயாரிப்பாளரான அல் பார்க்கர், ஆணுறையோடுதான் படம் எடுக்க வேண்டும் என்று ஆரம்பத்திலேயே சொன்னவர்களில் ஒருவர். 1992இல் அவரும் போனார். இந்தச் சாவுகளுக்கு நடுவில்தான் ஆண்-ஆண் படக் கம்பெனிகள் எண்பதுகளின் கடைசியில் ஒரு வழக்கத்தை ஏற்படுத்திக்கொண்டன: கேமரா முன்னால் ஆணுறை கட்டாயம். யாருக்கு நோய் இருக்கிறது, யாருக்கு இல்லை என்று கேட்பதில்லை. எல்லாருக்கும் இருப்பதாகவே வைத்துக்கொண்டு எல்லாருக்கும் ஆணுறை.

அதே ஊரில், ஆண்-பெண் படம் எடுத்த கம்பெனிகள் வேறு வழி போயின. ஆணுறை வேண்டாம், ரத்தச் சோதனைக் காகிதம் போதும் என்றன. 1998இல் ‘எய்ம்’ என்று சுருக்கமாகச் சொல்லப்பட்ட ஒரு மருத்துவ அமைப்பு தொடங்கப்பட்டது. மாதம் ஒரு முறை சோதனை. காகிதம் சுத்தமாக இருந்தால் வேலை, இல்லாவிட்டால் வாசலுக்கு வெளியே.

இந்த இரண்டு வழியையும் கொஞ்சம் நிதானமாகப் பாருங்கள். இரண்டாவது வழி நமக்குத் தெரியாததா? யார் தீட்டு, யார் தீட்டில்லை என்று முதலில் பிரி. தீட்டுக்காரனை வெளியே வை. உள்ளே இருக்கிறவர்கள் எல்லாம் சுத்தம், அதனால் கவனமே தேவையில்லை. ஊரும் சேரியும் இந்தக் கணக்கில்தான் கட்டப்பட்டிருக்கிறது. முதல் வழி வேறு மாதிரி. எவனையும் பிரிக்காதே, எல்லாரிடமும் ஒரே மாதிரி ஜாக்கிரதையாக நடந்துகொள். ஆஸ்பத்திரியில் நர்சம்மா எல்லா நோயாளிக்கும் ஒரே மாதிரி கையுறை போடுகிறாரே, அதே தத்துவம். மருத்துவத்தில் இதற்குப் ‘பொதுமுன்னெச்சரிக்கை’ என்று பெயர். கலிபோர்னியாவில் ஆணுறையைப் பற்றிய விதி எங்கிருந்து வந்தது தெரியுமா? ஆபாசச் சட்டத்திலிருந்து அல்ல. ரத்தம் வழியாகப் பரவும் நோயிலிருந்து தொழிலாளியைக் காப்பாற்றுகிற வேலையிடப் பாதுகாப்பு விதியிலிருந்து. ஆஸ்பத்திரித் துப்புரவுப் பணியாளர் கையில் ஊசி குத்தினால் எந்த விதி பேசுமோ, அதே விதி.

சோதனைக் காகிதத்தில் இன்னொரு ஓட்டை உண்டு. கிருமி உடம்புக்குள் வந்த அன்றைக்கே சோதனையில் தெரியாது, சில நாள், சில வாரம் ஒளிந்திருக்கும். 2004இல் அதுதான் நடந்தது. பிரேசிலில் படப்பிடிப்புக்குப் போய்வந்த ஒரு நடிகர், கையில் சுத்தமான காகிதம் வைத்திருந்தார். அவரோடு நடித்த மூன்று பெண்களுக்குத் தொற்று. தொழில் முழுக்க ஒரு மாதம்போல நின்றது. யார் யாரோடு நடித்தார்கள் என்ற பதிவேடு இருந்ததால் வேகமாகக் கண்டுபிடித்து நிறுத்த முடிந்தது என்பதையும் சொல்ல வேண்டும், அதை மறைக்கக் கூடாது. ஆனால் அதே பதிவேடு 2011இல் வெளியே கசிந்தது. பன்னிரண்டாயிரத்துக்கும் மேற்பட்டவர்களின் சொந்தப் பெயர், பிறந்த தேதி எல்லாம் இணையத்தில் அம்மணமாகக் கிடந்தன. அந்த வருஷமே ‘எய்ம்’ மூடப்பட்டது. உடம்பைக் காட்டச் சம்மதித்தவன் பெயரைக் காட்டவும் சம்மதித்துவிட்டான் என்று எவனோ முடிவு செய்துவிட்டான். பேங்கில் கிளார்க்காக உட்கார்ந்திருக்கிற எனக்கு, ஒரு பதிவேடு எவ்வளவு பெரிய ஆயுதம் என்று யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

2012 நவம்பரில் லாஸ் ஏஞ்சலஸ் மாவட்டத்தில் மக்கள் ஓட்டுப்போட்டு ஆணுறைச் சட்டம் கொண்டுவந்தார்கள். 2016இல் அதைக் கலிபோர்னியா மாநிலம் முழுக்கக் கொண்டுபோக ‘முன்மொழிவு 60’ என்று ஓட்டுக்கு விட்டபோது தோற்றது. தோற்கடிக்கப் பாடுபட்டவர்களில் நடிகர்களே முன்னால் நின்றார்கள். இதைக் கேட்டவுடன் நம்மில் சிலர் ‘பாத்தீங்களா, முதலாளிக்கு விலை போயிட்டாங்க’ என்று சொல்லிவிடுவோம். அவ்வளவு லேசில்லை. ஆணுறை இல்லாத படத்தைப் பார்த்த எந்தக் குடிமகனும், அதிகாரிகள் நடவடிக்கை எடுக்காவிட்டால், தானே வழக்குப் போடலாம் என்று அதில் ஒரு பிரிவு இருந்தது. இன்றைக்கு நடிகர்களில் பலர் தாங்களே படமெடுத்துத் தாங்களே விற்கிறவர்கள். அப்படியானால் வழக்கு அவர்கள் மேல்தான் வரும், கோர்ட்டு காகிதத்தில் சொந்தப் பெயரும் வீட்டு முகவரியும் ஏறும். எவனோ ஒரு வெறியன் அதை வைத்து வீட்டுக்கு வந்து நிற்பான். பாதுகாப்பு என்ற பேரில் எழுதப்பட்ட சட்டத்தைப் பாதுகாக்கப்பட வேண்டியவனிடம் காட்டாமலே எழுதினால் இப்படித்தான் ஆகும். இதை எய்ட்ஸுக்கு எதிராக வேலை செய்கிற ஓர் அமைப்புதான் முன்னெடுத்தது என்பதையும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். நல்லவர்கள் எழுதுகிற மோசமான சட்டம் என்று ஒரு வகை உண்டு.

இனி ஆண்-ஆண் படங்களுக்குத் திரும்பி வருகிறேன். 2000க்குப் பிறகு அங்கே ஆணுறை மெல்ல மெல்லக் கழன்றது. முதலில் ஓரத்தில் சின்னக் கம்பெனிகள், பிறகு பெரிய கம்பெனிகள். காரணம் சந்தை. ஆணுறை இல்லாத படத்துக்குக் கிராக்கி. அப்படி நடித்தால் கூடக் காசு என்றால், வாடகை பாக்கி இருக்கிறவன் என்ன செய்வான்? நம் சாயப்பட்டறையில் கேட்டுப் பாருங்கள். ‘கையுறை இருக்குங்க, போட்டா வேலை ஓடாதுங்க’ என்பார்கள். பீஸ் ரேட் என்பது கையுறையைக் கழற்றுகிற யந்திரம். முதலாளி ‘கழற்று’ என்று வாயால் சொல்லவே வேண்டியதில்லை, ரேட் சொல்லிவிடும். 2011 ஜனவரியில் உயர்நீதிமன்றம் நம்மூர்ச் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது நொய்யலுக்காக, ஒரத்துப்பாளையத்துக்குக் கீழே நிலம் பாழாகிப் போன விவசாயிகளுக்காக. சரியான தீர்ப்புதான். சாயத்துக்குள் கை விட்டுக்கொண்டிருந்தவன் அந்த வழக்கில் எங்கேயும் மனுதாரன் இல்லை.

ஒரு விசித்திரம் சொல்கிறேன். 2014இல் ஃபால்கன் ஸ்டுடியோஸ் என்ற பழைய அமெரிக்கக் கம்பெனி ஒரு படம் எடுத்தது. நடிகர்கள் ஆணுறையோடு நடித்தார்கள். பிறகு கம்ப்யூட்டரில் வைத்து அதை அழித்துவிட்டார்கள். எய்ட்ஸுக்கு முந்தைய காலம் மாதிரி தெரிய வேண்டுமாம். உடம்புக்குப் பாதுகாப்பு உண்டு, படத்தில் அது தெரியக் கூடாது. நம்மூர்க் கம்பெனிகளில் இதற்கு நேர் எதிர். வெளிநாட்டு பையர் ஆடிட்டுக்கு வருகிற அன்றைக்கு மாஸ்க், கையுறை, காது அடைப்பான், முதலுதவிப் பெட்டி எல்லாம் வரும். போட்டோவில் பாதுகாப்பு தெரியும், உடம்பில் இருக்காது. ஆடிட்டர் கார் மெயின் ரோடு ஏறுவதற்குள் எல்லாம் திரும்ப அட்டைப் பெட்டிக்குள் போய்விடும். இரண்டில் எது மேல் என்று கேட்டால் நான் ஃபால்கன்காரன் பக்கம்தான் சாய்வேன். அவன் பார்க்கிறவனை ஏமாற்றினான், வேலை செய்கிறவனை ஏமாற்றவில்லை.

இதற்குள் விஞ்ஞானமும் மாறிவிட்டது. 2012இல் அமெரிக்காவில் ‘பிரெப்’ மாத்திரைக்கு அனுமதி கிடைத்தது. நோய் இல்லாதவர் ஒழுங்காகச் சாப்பிட்டுவந்தால் எச்.ஐ.வி. தொற்றைப் பெருமளவு தடுக்கும். அதைவிடப் பெரிய விஷயம், எச்.ஐ.வி. உள்ளவர் கூட்டு மருந்து எடுத்து, ரத்தத்தில் கிருமி அளவிட முடியாத நிலைக்குப் போய்விட்டால் அவரிடமிருந்து உடலுறவு வழியாகப் பரவுவதில்லை. இது இன்றைக்கு நிலைநாட்டப்பட்ட உண்மை. ஆகவே ‘ஆணுறை இல்லையா, கொலைகாரன்’ என்று 1990இல் பேசிய மாதிரி இன்றைக்குப் பேசக் கூடாது. ஆனால் பிரெப் மாத்திரை மேகநோயைத் தடுக்காது, வெட்டை நோயைத் தடுக்காது. மாத்திரைக்கு யார் காசு கொடுப்பது என்கிற கேள்வியும் இருக்கிறது. ஆணுறைக்குக் கம்பெனி பொறுப்பு. மாத்திரைக்குத் தொழிலாளியே பொறுப்பு. பாதுகாப்புக் கருவியைத் தொழிற்சாலைச் சுவரிலிருந்து எடுத்துத் தொழிலாளியின் வயிற்றுக்குள் வைத்துவிட்டார்கள். அவன் சாப்பிட்டானா இல்லையா என்பது இனி அவன் தலையெழுத்து.

சம்மதம் பற்றிச் சொல்லாமல் இதைத் தாண்ட முடியாது. அந்தத் தொழிலில் ‘காசுக்கு மட்டும்’ என்று ஒரு வகை ஆட்கள் உண்டு. ஆண்கள் மேல் ஈர்ப்பு இல்லாதவர்கள், கூலிக்காக நடிக்கிறார்கள். அது சம்மதமா, இல்லையா என்று அங்கே முடிவில்லாத விவாதம். எழுதி வாங்கிய காகிதம் இருக்கிறதே என்பது கம்பெனியின் பதில். இந்தப் பகுதி ஸ்பின்னிங் மில்களில் சுமங்கலித் திட்டம் என்று ஒன்று நடந்ததே, அதிலும் காகிதம் இருந்தது. பதினைந்து பதினாறு வயசுப் பெண்பிள்ளைகள், பெரும்பாலும் நம் சேரிப் பிள்ளைகள். மூன்று வருஷம் வேலை, முடிவில் கல்யாணத்துக்கு மொத்தத் தொகை. அப்பன் கையெழுத்து, ஆத்தா கைரேகை. நடுவில் விட்டுவிட்டு வந்தால் தொகை இல்லை. நடுவில் எழுந்து போக முடியாத சம்மதம் சம்மதமே இல்லை. மில்லுக்கும் இதுதான் அளவுகோல், படப்பிடிப்புக்கும் இதுதான் அளவுகோல். சம்மதம் இருந்ததா என்பதை ஆரம்பத்தில் வாங்கிய காகிதத்தில் தேடக் கூடாது. பாதியில் ‘வேண்டாம்’ என்று சொல்லியிருந்தால் என்ன நடந்திருக்கும் என்பதில் தேட வேண்டும்.

இனி நம்மூர். தமிழ்நாட்டில் இந்தத் தொழில் நீதிமன்றத்துக்கு வந்த பெரிய வழக்கு டாக்டர் எல். பிரகாஷ் வழக்கு. சென்னையில் பேர் பெற்ற எலும்பு மருத்துவர். 2001 டிசம்பரில் கைதானார். படமெடுத்து இணையம் வழியாக வெளிநாட்டில் விற்றதாகக் குற்றச்சாட்டு. குண்டர் சட்டத்தில் அடைத்தார்கள். 2008 பிப்ரவரியில் சென்னை விரைவு நீதிமன்றம் ஆயுள் தண்டனை கொடுத்தது. அவை ஆண்-ஆண் படங்கள் இல்லை, ஆண்-பெண் படங்கள். ஆனாலும் இதை ஏன் சொல்கிறேன் என்றால், வழக்கின் தொடக்கத்தில் புகார் கொடுத்தது ஒரு பெண் இல்லை, ஓர் இளைஞர். தன்னை மிரட்டி நடிக்கவைத்தார்கள் என்று போலீசுக்குப் போனவர் அவர்தான். எழுதப்பட்ட செய்திகளை எடுத்துப் பாருங்கள். டாக்டரின் பங்களா, டாக்டரின் படிப்பு, கேமரா, பெண்கள், பெண்கள். அந்த ஆணின் உடம்புக்கு நேர்ந்ததற்கு ஒரு வார்த்தை இல்லை. வார்த்தை இல்லாதது செய்தியாளரின் தவறு மட்டுமில்லை. சட்டத்திலேயே வார்த்தை இல்லை. இந்த இடத்துக்குப் பிறகு வருகிறேன்.

காகிதம், ரத்தம், சம்மதம் மூன்றும் தமிழ்நாட்டில் முதன்முதலாகச் சந்தித்துக்கொண்டது 1986இல். மெட்ராஸ் மருத்துவக் கல்லூரியில் சுனிதி சாலமன் என்கிற பேராசிரியை, அவருடைய மாணவி நிர்மலா. இந்தியாவில் எய்ட்ஸ் இல்லை, அது வெள்ளைக்காரன் வியாதி, ஒழுக்கங்கெட்ட நாட்டு வியாதி என்று எல்லாரும் மார்தட்டிக்கொண்டிருந்த நேரம். நிர்மலா மெட்ராசில் பெண்கள் அடைக்கப்பட்டிருந்த காப்பகத்துக்குப் போய், பாலியல் தொழில் வழக்கில் பிடிபட்ட பெண்களிடம் ரத்தம் எடுத்தார். எண்பதுக்கு மேற்பட்ட மாதிரிகள். தன் வீட்டுக் குளிர்பதனப் பெட்டியில் வைத்திருந்து, பிறகு ராத்திரி ரயிலில் வேலூருக்குக் கொண்டுபோனார். ஆறு மாதிரிகளில் கிருமி. சட்டமன்றத்தில் சுகாதார அமைச்சர் எச்.வி. ஹண்டே அறிவித்தார். அந்த இரண்டு பெண்களின் துணிச்சலை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். ரத்தம் எடுத்தபோது நிர்மலா கையில் கையுறை கூட இல்லை. அந்த ஆராய்ச்சியால்தான் நாடு கண் திறந்தது, ரத்த வங்கிகளில் சோதனை வந்தது, எத்தனையோ உயிர் பிழைத்தது. ஆனால் ரத்தம் கொடுத்த பெண்களுக்கு எதற்காக எடுக்கிறார்கள் என்று சொல்லப்படவில்லை. நிர்மலாவே பிற்காலத்தில் ஒரு பேட்டியில் இதை ஒளிக்காமல் சொல்லியிருக்கிறார். சிறைக்குச் சமமான இடத்தில் இருக்கிறவளிடம் கையை நீட்டு என்றால் நீட்டத்தான் செய்வாள். மருத்துவ வரலாற்றில் அந்த டாக்டர்களுக்குப் பேர் இருக்கிறது, இருக்க வேண்டியதுதான். ஆறு பேர் என்னவானார்கள் என்று எந்தப் பாராட்டுக் கூட்டத்திலும் யாரும் கேட்டு நான் பார்த்ததில்லை.

அடுத்த பத்து இருபது வருஷம் நடந்ததை வேகமாகச் சொல்கிறேன். 1989இல் கோவாவில் டொமினிக் டிசோசா என்கிற இளைஞர் ரத்ததானம் செய்யப் போய், கிருமி தெரிந்து, போலீஸ் வந்து தூக்கிக்கொண்டு போய் ஒரு சானடோரியத்தில் 64 நாள் அடைத்துவைத்தது. குற்றம் எதுவுமில்லை, ரத்தம்தான் குற்றம். 1994இல் திகார் சிறையில் ஆணுறை கொடுக்க வேண்டும் என்றபோது நிர்வாகம் மறுத்தது. கொடுத்தால் அங்கே ஆண்கள் ஆண்களோடு கூடுகிறார்கள் என்று ஒத்துக்கொண்டதாகிவிடுமாம், 377 இருக்கிறதாம். அப்போதுதான் ஏபிவிஏ என்ற குழு 377ஐ எதிர்த்து டெல்லி உயர்நீதிமன்றத்துக்குப் போனது. 2001 ஜூலையில் லக்னோவில், ஆண்களிடம் எய்ட்ஸ் தடுப்பு வேலை செய்துகொண்டிருந்த தொண்டர்கள் நாலு பேரைப் பிடித்து 47 நாள் உள்ளே வைத்தார்கள். ஆணுறையை எப்படிப் போடுவது என்று காட்ட வைத்திருந்த பொருட்களையும், விளக்கப் பிரசுரங்களையும் ஆபாசப் பொருட்கள் என்று கைப்பற்றினார்கள். கலிபோர்னியாவில் ஆபாசப் படத்துக்குள் ஆணுறையைக் கொண்டுவர அரசு சட்டம் போட்டது. இங்கே ஆணுறையையே ஆபாசம் என்று அரசு ஜெயிலில் போட்டது.

பிறகு 2009இல் டெல்லித் தீர்ப்பு, 2013இல் உச்சநீதிமன்றம் அதைக் கவிழ்த்தது, 2018 செப்டம்பர் 6இல் தானே திருத்திக்கொண்டது. இதெல்லாம் உங்களுக்குத் தெரியும். சென்னை உயர்நீதிமன்றத்தில் 2021இல் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் சுஷ்மா வழக்கில் போட்ட உத்தரவுகளையும், அதன் தொடர்ச்சியாக 2022இல் நம் அரசு மரியாதையான சொற்களின் தொகுதி ஒன்றை அரசிதழில் வெளியிட்டதையும் மாணவர்கள் தேடிப் படிக்க வேண்டும். ‘ஒம்போது’ என்று நாம் கூசாமல் பேசுகிற பேச்சை, ஒரு அரசாங்கம் மாற்றிச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கிறது.

‘அம்பேத்கர் இயக்கத்துக்கும் இதுக்கும் என்ன?’ என்ற போன் தோழருக்கு இந்த இடத்தில். ஆர்.டி. கார்வே என்று பம்பாயில் ஒருவர், ‘சமாஜ் ஸ்வாஸ்த்ய’ என்று மராத்தியில் பத்திரிகை நடத்தினார். குடும்பக் கட்டுப்பாடு, பாலுறவு, உடம்பு பற்றி வாசகர்கள் வெட்கத்தோடு அனுப்புகிற கேள்விகளுக்கு ஒளிவுமறைவில்லாமல் பதில் எழுதுவார். சனாதனிகள் ஆபாச வழக்குப் போட்டார்கள். 1934இல் அந்த வழக்கில் கார்வேக்காக வாதாடியவர் பாபாசாகேப். வாசகர்கள் கேட்ட கேள்விகளில் சுயஇன்பமும் இருந்தது, ஒரே பாலினருக்குள் வருகிற உறவும் இருந்தது. சந்தேகம் கேட்டவனுக்கு அறிவால் பதில் சொல்வது எப்படி ஆபாசமாகும் என்பது பாபாசாகேப் வாதம். வழக்கு தோற்றது, கார்வேக்கு இருநூறு ரூபாய் அபராதம். மகத் முடிந்து, வட்டமேசை முடிந்து, பூனா ஒப்பந்தமும் முடிந்த பிறகு, தலைக்கு மேல் வேலை கிடந்த ஒரு மனுஷன், ஜெயிக்காது என்று தெரிந்திருக்கக்கூடிய இந்த வழக்கை ஏன் எடுத்தார்? ‘ரெட்டை டம்ளர் கெடக்குது’ என்று அவர் சொல்லவில்லை.

சரி, இப்போதைய நிலைமை. ஸ்டுடியோ என்பதே தேய்ந்துகொண்டிருக்கிறது. தன் அறையில் தன் போனில் தானே எடுத்து, மாதச் சந்தா வாங்கி விற்கிறார்கள். இதை விடுதலை என்று சிலர் கொண்டாடுகிறார்கள். முதலாளி இல்லையாம். நம்மூரில் கம்பெனி உடைந்து ஜாப் ஒர்க் ஆனபோதும் இப்படித்தான் சொன்னார்கள், ‘நீயும் ஒரு முதலாளி’ என்று. நாலு பவர் டேபிள் வாங்கிப் போட்டவர்களை எங்கள் பேங்கில் கடன் பிரிவில் வந்து பாருங்கள், எத்தனை பேர் முதலாளி என்று தெரியும். கம்பெனி சிதறும்போது முதலில் காணாமல் போவது பொறுப்பு. ஆணுறை வாங்கித் தர வேண்டியவன் யார், சோதனைக்குக் காசு கொடுக்க வேண்டியவன் யார், படம் கசிந்தால் பதில் சொல்ல வேண்டியவன் யார்? ஆள் இல்லை. நம் நாட்டிலோ மின்னணுவில் அப்படிப்பட்ட படத்தை வெளியிடுவதே தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67ஏ பிரிவில் குற்றம். ஆகவே வேலை செய்தவன் தொழிலாளியாக எந்த அலுவலகத்துக்கும் போக முடியாது. குற்றவாளியாக மட்டும்தான் போக முடியும்.

திருப்பூரில் படத் தொழில் இல்லை, படம் எடுப்பது இருக்கிறது. தேனிப் பக்கத்திலிருந்தும், திண்டுக்கல்லிலிருந்தும், இப்போது ஒடிசா, பீகாரிலிருந்தும் வந்து ஒரு அறையில் எட்டுப் பேர், பத்துப் பேர் என்று தங்கியிருக்கிற பையன்கள். அதில் ஒருத்தனுக்கு ஆண்கள் மேல் ஈர்ப்பு. போனில் ஆள் பழக்கமாகிறது, ‘ரூம் இருக்கு, வா’ என்கிறான். போனால் அங்கே நாலு பேர். துணியைக் கழற்றவைத்து வீடியோ. பிறகு மாதா மாதம் வசூல். இது செய்தித்தாளில் நாம் படிக்கிற எத்தனையோ ஊர்க் கதை. கவுண்டரில் உட்கார்ந்திருந்தால் இன்னொரு வடிவத்தில் தெரியும். ஒரு செக்கிங் பையன், பி.எஃப். முன்பணம் கணக்கில் விழுந்த அன்றைக்கே இரண்டாயிரம், இரண்டாயிரமாக ஒரே நம்பருக்கு அனுப்பியிருந்தான். பாஸ்புக் பதிந்து கொடுக்கும்போது, ‘என்னப்பா, யாருக்கு இத்தனை?’ என்றேன். ‘ஒரு ஆளுக்குக் குடுக்கோணும்ணா’ என்றான். இந்தப் பக்கத்துப் பையன்தான். கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, ‘போன் நம்பர மாத்துனா கணக்குல பணம் வந்தது அவிங்களுக்குத் தெரியாதுல்லண்ணா?’ என்று கேட்டான். போலீசுக்குப் போகலாமே என்றதற்கு, ‘போனா அந்த வீடியோவ அவங்க பாப்பாங்கல்ல’ என்றான். அப்புறம் அவன் வேறு கவுண்டருக்குப் போய்விட்டான், என் பக்கம் வருவதில்லை.

அந்தப் பையனுக்குச் சட்டம் என்ன வைத்திருக்கிறது என்று பாருங்கள். 377இல் சம்மதத்தோடு கூடுவது குற்றம் என்ற பகுதியை 2018இல் நீக்கினார்கள். சம்மதமில்லாமல் ஓர் ஆணை வன்புணர்ந்தால் தண்டிக்கிற பகுதி மிச்சமிருந்தது. 2024 ஜூலை 1இல் பாரதிய நியாய சன்ஹிதா வந்தபோது அந்தப் பிரிவையே மொத்தமாகத் தூக்கிவிட்டார்கள். புதிய சட்டத்தில் வன்புணர்ச்சிக்கு ஆளாகிறவர் பெண் மட்டும்தான். வயதுவந்த ஓர் ஆணை நாலு ஆண்கள் சேர்ந்து கெடுத்துப் படமெடுத்தால், கெடுத்ததற்கென்று தனிப் பிரிவு இன்றைக்கு இந்த நாட்டில் கிடையாது. அடித்தது, மிரட்டியது, பணம் பறித்தது, படம் பரப்பியது என்று சுற்றிச் சுற்றித்தான் போட முடியும். பிரகாஷ் வழக்கின் அந்த இளைஞரிடம் இல்லாத வார்த்தை, இருபது வருஷம் கழித்து இந்தப் பையனிடமும் இல்லை.

இருக்கிற இரண்டு கருவியைச் சொல்லி நிறுத்திக்கொள்கிறேன். ஒன்று, 2017இன் எச்.ஐ.வி., எய்ட்ஸ் சட்டம். 2018 செப்டம்பர் 10இல் நடைமுறைக்கு வந்தது. சொல்லிப் புரியவைத்துச் சம்மதம் வாங்காமல் யாருக்கும் எச்.ஐ.வி. சோதனை செய்யக் கூடாது. வேலைக்குச் சேர்க்க அந்தச் சோதனையைக் கேட்கக் கூடாது. தொற்றுக்கு வாய்ப்புள்ள வேலையிடங்களில் பாதுகாப்புச் சாதனம் கொடுப்பது நிர்வாகத்தின் கடமை, கூலிக்காரனின் செலவு இல்லை. ஆஸ்பத்திரித் துப்புரவுப் பணியில் இருக்கிற நம் ஆட்களில் எத்தனை பேருக்கு இந்தப் பிரிவு தெரியும்? சங்கத்தில் இதைத் தமிழில் அச்சடித்துக் கொடுக்க வேண்டும், நான் எழுதித் தருகிறேன்.

இன்னொன்று நமக்கு நெருக்கமானது. பாதிக்கப்பட்ட பையன் நம் ஆளாக இருந்து, செய்தவன் வேறு சாதியாக இருந்தால், வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2015 திருத்தத்தின்படி சேர்க்கப்பட்ட 3(1)(இ) பிரிவு இருக்கிறது. பலவந்தமாகத் துணியைக் களைவது, மொட்டையடிப்பது, மீசையை எடுப்பது, மனித மாண்பைக் குலைக்கிற இதுபோன்ற செயல்கள் என்று அதில் வரிசையாக வருகிறது. ஊர்ப் பஞ்சாயத்துகளை மனதில் வைத்து எழுதப்பட்டது. அந்தப் பிரிவில் ‘பெண்’ என்ற சொல் கிடையாது, ‘நபர்’ என்றுதான் இருக்கிறது. அறைக்குள் கேமரா முன்னால் துணி கழற்றப்பட்ட ஓர் ஆணுக்காக அதைப் போட்டு நடத்திய வழக்கு ஏதாவது இருந்தால், இங்கே வழக்கறிஞர் தோழர்கள் இரண்டு பேர் உட்கார்ந்திருக்கிறார்கள், அவர்கள் சொல்லட்டும். இல்லையென்றால் எப்படி எழுதிக் கொடுப்பது என்று இப்போதே கேட்டு வைத்துக்கொள்வோம்.